விளிம்பில் ஒரு சாம்பல் நிறம்

கணினித் திரையில் தோன்றும் படம் எதுவாயினும், பிக்சல் எனப்படும் சிறு நிறப்புள்ளிகளை நிரைநிரையாக அடுக்கிய ஒரு கட்டத்திற்குள்தான் அது அடங்க வேண்டியிருப்பதால், கிடைக்கோடும் செங்குத்துக்கோடும் அங்கே பழுதின்றி நிற்க, சாய்கோடும் வளைகோடும் படிப்படியாக உடைந்துவிடுகின்றன. இவ்வுடைவைக் கணினி வரைகலைத் துறையினர் பேச்சுவழக்கில் ‘ஜாக்கிஸ்’ என்றும், முறைப்படி ‘அலியாசிங்’ என்றும் அழைக்கின்றனர். தொடர்ச்சியாக இருக்கும் ஒன்றிலிருந்து இடைவெளி விட்டு மாதிரிகளை எடுக்கும்போது, அந்த இடைவெளிகளுக்குள் இருந்த நுணுக்கம் தொலைவதோடு நில்லாமல், மூலத்தில் இல்லாத வேறொரு வடிவமாக வேடமிட்டுத் திரும்பி வருவதே அலியாசிங் ஆகும். படிகள் மூலக் கோட்டில் இல்லை. அவை கட்டம் சேர்த்தவை.

பிக்சல்களைச் சிறிதாக்கிக்கொண்டே போனால் இக்குறை தானே மறைந்துவிடும் என்று எண்ணத் தோன்றும். கண் அதற்கு எளிதில் இடம் கொடுப்பதில்லை. ஒரு பாகையில் 60 கலைகளும், ஒரு கலையில் 60 விகலைகளும் அடங்கும் என்ற கோண அளவைக் கணக்கில், அருகருகே உள்ள இரண்டு புள்ளிகளை இரண்டாகவே பிரித்தறிய மனிதக் கண்ணுக்கு ஏறத்தாழ ஒரு கலை விலகல் தேவைப்படுகிறது. ஆனால் ஒரே கோட்டின் இரு துண்டுகள் ஒன்றைவிட்டு ஒன்று சற்றே விலகியிருப்பதை அதே கண் சில விகலைகளிலேயே கண்டுபிடித்துவிடுகிறது. இத்திறனுக்கு ‘ஹைப்பர் அக்யுட்டி’ என்ற பெயரை 1975-இல் வழங்கியவர் பார்வை ஆய்வாளர் ஜெரால்ட் வெஸ்ட்ஹைமர். தனித்தனிப் பிக்சலாகப் பிரித்துக் காண இயலாத திரையிலும் படியின் முறிவு மட்டும் உறுத்துவதற்கு இதுவே காரணம். அந்த உறுத்தலும் எல்லாக் கோட்டிலும் ஒரே அளவில் இருப்பதில்லை: 45 பாகையில் சாயும் கோட்டில் படிகள் ஒவ்வொரு பிக்சலிலும் சீராக வருவதால் கண் அவற்றை ஓரளவு மன்னித்துவிடும், பத்துப் பிக்சலுக்கு ஒரு பிக்சல் மட்டும் ஏறுகின்ற, ஏறக்குறையக் கிடையாகச் செல்லும் கோட்டிலோ நீண்ட சமதளமும் திடீர் ஏற்றமும் மாறிமாறி வந்து, ஒவ்வொரு முறிவும் தனித்துத் தெரியும்.

ஐபிஎம் நிறுவனத்தில் பணியாற்றிய ஜாக் பிரெசனம் 1962-இல் வகுத்த கோட்டு முறை, கூட்டல் கழித்தல் கணக்கைக் கொண்டே எந்தச் சாய்வுக்கும் உரிய பிக்சல்களைத் தேர்ந்துவிடும் அழகு வாய்ந்தது. எனினும் அது ஒவ்வொரு பிக்சலிடமும் கேட்பது ‘உண்டா, இல்லையா’ என்ற ஒரு கேள்வியைத்தான். அந்தக் கேள்வியை ‘எவ்வளவு’ என்று மாற்றியதில்தான் மென்மையாக்கும் கலை பிறந்தது. ஜெராக்ஸ் நிறுவனத்தின் பாலோ ஆல்ட்டோ ஆய்வகத்தில் ரிச்சர்ட் ஷூப் 1973-இல் உருவாக்கிய ‘சூப்பர்பெயின்ட்’ ஒரு பிக்சலுக்கு 256 மதிப்புகளை வைத்துக்கொள்ள இடமளித்தமையால், கறுப்புக்கும் வெள்ளைக்கும் இடைப்பட்ட நிறங்களை விளிம்பில் வைக்க வழி பிறந்தது. 1977-இல் பிராங்க்ளின் குரோ வெளியிட்ட கட்டுரை இச்சிக்கலையும் அதன் தீர்வையும் முறைப்படி ஆராய்ந்தது. ‘ஆன்ட்டி அலியாசிங்’ எனப்படும் அத்தீர்வின் எளிய வடிவம் இதுதான்: உருவத்தின் விளிம்பு ஒரு பிக்சலின் கால்பங்கை மூடினால் அப்பிக்சல் கால்பங்கு நிறம் பெறும், பாதியை மூடினால் பாதி.

இந்தச் சாம்பல் நிறத்தைப் பலரும் ஒரு வகை மங்கலாக, கூர்மையை விலையாகக் கொடுத்துப் பெற்ற சமரசமாகக் கருதுகின்றனர். உண்மை நேர்மாறானது. விளிம்பு பிக்சலுக்குள் பத்தில் ஒரு பங்கு நகர்ந்தால் அதன் நிறமும் பத்தில் ஒரு பங்கு மாறுகிறது. எனவே கோடு எங்கே செல்கிறது என்பதைப் பிக்சலைவிட நுண்ணிய அளவில் அறிவிக்கும் செய்தியாகவே அந்தச் சாம்பல் நிற்கிறது. கறுப்பும் வெள்ளையுமாக வெட்டப்பட்ட கூரிய விளிம்பைக் காட்டிலும் ஒரே ஒரு பிக்சல் அகலத்தில் நன்கு கணக்கிட்ட சாம்பலைத் தாங்கிய விளிம்பு துல்லியமானது. அந்தச் சாம்பல் மூன்று, நான்கு பிக்சல் அகலத்துக்குப் பரவும்போதுதான் அது செய்தியாக இருப்பதை விட்டு மூட்டமாக மாறுகிறது. மென்மைக்கும் மங்கலுக்கும் உள்ள இவ்வேறுபாட்டை உணர்ந்த கையையும் உணராத கையையும் ஒரு படத்தின் ஓரத்தைப் பார்த்த அளவிலேயே சொல்லிவிடலாம்.

கணினியே புதிதாக வரையும் கோட்டுக்கு இக்கணக்கு எளிது. ஏற்கெனவே படியாக உடைந்துவிட்ட படத்தைச் சீராக்குவதில்தான் கைத்திறம் தேவைப்படுகிறது. பழைய தமிழ் அச்சுப் பக்கம் ஒன்று, சாம்பல் நிறமே இல்லாத வெறும் கறுப்பு வெள்ளையாக ஸ்கேன் செய்யப்பட்டிருப்பதாகக் கொள்வோம். ஃபோட்டோஷாப், கிம்ப் போன்ற மென்பொருள்களில் இதற்கு நெடுங்காலமாக வழங்கிவரும் முறை முதற்பார்வைக்கு முரணானது: கூர்மை வேண்டும் படத்தை முதலில் மங்கலாக்க வேண்டும். படத்தைச் சாம்பல் நிறம் ஏற்கும் வகைக்கு மாற்றி, நான்கு மடங்கு பெரிதாக்கி, ‘காசியன் பிளர்’ என்னும் வடிகட்டியால், அதாவது ஒவ்வொரு பிக்சலையும் அதன் சுற்றத்தாரோடு சராசரி கண்டு கலக்கும் முறையால், படிகளின் முனைகளும் பள்ளங்களும் ஒன்றில் ஒன்று கரையும் வரை குழைக்கின்றனர். பின்னர் ‘லெவல்ஸ்’ என்ற கருவியில் கறுப்பின் எல்லையை 0-இலிருந்து 100 அளவுக்கும், வெள்ளையின் எல்லையை 255-இலிருந்து 155 அளவுக்கும் நெருக்கிக் கொண்டுவர, பரந்து கிடந்த மூட்டம் சுருங்கிக் குறுகிய சரிவாக எஞ்சுகிறது. இறுதியில் படத்தைப் பழைய அளவுக்குக் குறைக்கும்போது, 16 சிறு பிக்சல்களின் சராசரியே ஒரு பிக்சலாகித் தேவையான இடைநிறங்களைத் தருகிறது.

இம்முறையின் நயம், குழைத்த படத்தில் சரிபாதிச் சாம்பல் ஓடும் தடத்தில் இருக்கிறது. படியின் மேடு ஒரு பக்கமும் பள்ளம் மறுபக்கமும் ஒன்றையொன்று ஈடுசெய்வதால், அத்தடம் உடையாத மூலக் கோட்டுக்கு மிக அருகில் செல்கிறது. லெவல்ஸ் செய்வதெல்லாம் அந்தத் தடத்தைக் கண்டெடுப்பதுதான். ஆகவே இரு எல்லைகளையும் நடுவிலிருந்து சமதூரத்தில் வைப்பது விதி. இரண்டையும் சேர்த்து வெள்ளையின் பக்கம் தள்ளினால் எழுத்துகள் தடிக்கும். கறுப்பின் பக்கம் தள்ளினால் மெலியும். மை ஊறிப் பருத்துப்போன பழைய அச்சை வேண்டுமென்றே சிறிது மெலியச் செய்து அதன் பழைய உருவுக்கு மீட்கத் தேர்ந்தவர்கள் இவ்விதியை அறிந்தே மீறுவதுண்டு. ‘ண’வின் சுழிக்குள் உள்ள வெளி அடைபடாமலும், மெய்யெழுத்தின் புள்ளி தலையோடு ஒட்டாமலும் எங்கே நிறுத்துவது என்பதை எந்த எண்ணும் சொல்வதில்லை.

இம்முறைக்கு இழப்பும் உண்டு. படியின் முனையையும் எழுத்தின் உண்மையான மூலையையும் குழைவு வேறுபடுத்தி அறியாததால் இரண்டையும் ஒன்றுபோல் உருட்டிவிடும். குழைவின் வீச்சைவிட மெல்லிய கோடு அடியோடு மறையும். கிடைக்கு நெருங்கிய கோட்டின் நீண்ட படிகளுக்கோ சிறு குழைவு போதாது. படி போய் அங்கே அலை மிஞ்சும். அத்தகைய இடங்களில் வடிகட்டியைக் கைவிட்டு, ரெனோ கார் நிறுவனத்தின் பொறியாளர் பியர் பெசியேயின் பெயரால் வழங்கும் வளைவுகளை இழுத்துப் பூட்டும் ‘பென் டூல்’ கொண்டு விளிம்பைப் புதிதாக வரைவதே நேர்மையான வழி. அக்கோடு நேர்க்கோடு என்பது படத்தில் இல்லை, வரைபவரின் அறிவில்தான் இருக்கிறது.

சாம்பலின் அளவு சரியாக இருந்தும் விளிம்பு தவறாகத் தெரிவதுண்டு. கோப்பில் பதியும் எண்ணும் திரை உமிழும் ஒளியும் நேர்விகிதத்தில் இல்லாததால், 255-இல் பாதி என்று 128-ஐ வைத்தால் திரை தருவது ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு ஒளியைத்தான்; பாதி ஒளிக்கு உரிய எண் 188. ‘காமா’ எனப்படும் இவ்வேறுபாட்டைக் கணக்கில் கொள்ளாத மென்பொருளில் வெள்ளைமேல் எழுதிய கறுப்பு எழுத்து தடித்தும், கறுப்புமேல் எழுதிய வெள்ளை எழுத்து இளைத்தும் தோன்றும். 2018-இல் வந்த கிம்ப் 2.10 ஒளியின் உண்மை அளவிலேயே நிறம் கலக்கும் முறையை இயல்பாக்கியது. ஃபோட்டோஷாப்பிலும் அதற்கான தெரிவு உண்டு, ஆனால் நிற அமைப்புகளில் தேடி இயக்கினால்தான் கிடைக்கும்.

பின்னணியிலிருந்து ஓர் உருவத்தை வெட்டியெடுக்கும்போது சாம்பல் வேறொரு தொல்லையாக உருவெடுக்கிறது. வெள்ளைச் சுவரின் முன் நின்றவரின் தோளோரப் பிக்சலில் சட்டை நிறம் பாதி, சுவர் பாதி கலந்திருக்கும். அதைத் தூக்கிக் கருநீல வானத்தில் ஒட்டினால் சுவரின் பாதி வெள்ளைக் கீற்றாக உடன் வரும். நம் தெருமுனை ஃப்ளெக்ஸ் பலகைகளில் தலைவர்களைச் சூழ்ந்திருக்கும் வெள்ளை வட்டம் பெரும்பாலும் பக்தியால் வந்ததன்று. பிக்சலின் நிறத்தோடு ‘எவ்வளவு மூடியுள்ளது’ என்ற அளவையும் தனியே பதியும் ‘ஆல்ஃபா சேனல்’ என்னும் கருத்தை 1977-இல் நியூயார்க்கில் எட் கேட்மலும் ஆல்வி ரே ஸ்மித்தும் வகுத்தது இந்தக் கலப்பைப் பிரித்து வைக்கத்தான். முழுத் தெளிவு அல்லது முழு மறைப்பு என்ற இரண்டு நிலையை மட்டும் அறிந்த ஜிஃப் கோப்பில் வட்டமான சின்னங்கள் படிப்படியாய் நின்றதையும், 1996-இல் வந்த பிஎன்ஜி வடிவில் அவையே எந்தப் பின்னணியிலும் இழைந்ததையும் வலைத்தள வடிவமைப்பாளர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

இக்கணக்குகள் எதுவுமின்றி, விரலெண்ணிக்கையில் அடங்கும் நிறங்களைக் கொண்டு கையால் விளிம்பை இழைப்பவர்கள் பிக்சல் ஓவியர்கள். எட்டுப் பிக்சல் நீளப் படியின் முனையில் இரண்டு அல்லது மூன்று பிக்சல் நீளத்துக்கு இடைநிறம் வைப்பதா, நான்காக நீட்டுவதா என்பது அவர்களுக்குக் கண்ணின் முடிவு. நீட்டினால் கோடு கொழகொழத்துவிடும். வீடியோ கேமில் ஓடும் உருவத்தின் உள்விளிம்புகளை இழைத்துவிட்டு வெளிவிளிம்பை மட்டும் படியாகவே விடுவது அவர்களது பழைய வழக்கம், ஏனெனில் அவ்வுருவம் எந்தப் பின்னணியின்மேல் ஓடும் என்பது வரையும்போது தெரியாது. இத்தகைய படங்களைத் தானே மென்மையாக்கும் முறைகளில், கிம்ப்பின் ‘ஆன்ட்டி அலியாஸ்’ வடிகட்டியில் உள்ள ‘ஸ்கேல்3எக்ஸ்’ அடக்கமானது. ஒரு பொத்தானில் எல்லாவற்றையும் வழவழப்பாக்கும் வடிகட்டிகளோ முகத்தை மெழுகாக்கிவிடுகின்றன. அவற்றைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை.

பிக்சல் ஏன் சதுரமாக இருக்க வேண்டும் என்று கேட்டவர், அதைச் சதுரமாக்கிய ரசல் கிர்ஷே. அமெரிக்கத் தேசிய அளவைகள் நிறுவனத்தில் 1957-இல் அவர் தம் மூன்று மாதக் குழந்தையின் படத்தை 176-க்கு 176 என்ற கட்டத்தில் ஸ்கேன் செய்து கணினிக்குள் ஏற்றினார். ஸ்கேனர் வழியே கணினிக்குள் சென்ற முதல் படம் அதுவே. எண்பது வயதைக் கடந்தபின், அச்சதுரத் தேர்வைத் தவறென்று கருதி, 2010-இல் மாற்று முறை ஒன்றை வெளியிட்டார். அம்முறை படத்தை ஆறுக்கு ஆறு பிக்சல் கொண்ட பாத்திகளாகப் பகுத்து, ஒவ்வொன்றையும் அதன் நிறமாறுதல் மிகுதியாக உள்ள திசையில் இரு முக்கோணங்களாகவோ இரு செவ்வகங்களாகவோ வெட்டுகிறது. கன்னமும் பின்னணியும் சந்திக்கும் நீண்ட விளிம்புக்கு இவ்வெட்டு நன்கு பொருந்தக் கூடியது. இமை, வெண்விழி, கருவிழி என மூன்று நிறங்கள் ஒரே பாத்திக்குள் கூடும் கண்ணோரத்திலோ, இரண்டாக மட்டுமே பிரிக்கத் தெரிந்த கோடு ஏதேனும் ஒன்றை மற்றொன்றோடு சேர்த்துவிட வேண்டியிருக்கும்.