ஆணையும் அதன் நிறைவேற்றமும்

சிலப்பதிகாரத்தை நீதியின் காப்பியமாகக் கற்போர் பெரும்பாலும் வழக்குரை காதையிலேயே நின்றுவிடுகின்றனர். பாண்டியன் ஆராயாது ஆணையிட்டான். கண்ணகி வாதிட்டு வென்றாள். மன்னன் உயிர் நீத்தான். மாணவர் விடைத்தாள்களில் இம்மூன்று செய்திகளே காணப்படும். இவை பிழையல்ல, ஆயினும் முழுமையுமல்ல.

கொலைக்களக் காதையை ஊன்றிப் படிப்போர்க்கு மற்றொரு பிழையும் புலப்படும். மன்னனது ஆணை நிபந்தனையோடு கூடியது. தேவியின் சிலம்பு அவன் கையில் இருக்குமாயின் கொன்று கொணர்க என்பதே அதன் பொருள். எனவே, அது தேவியின் சிலம்புதானா எனத் தெளிவது காவலரின் முதற்கடமையாகும். கோவலனது தோற்றத்தைக் கண்டு, இவன் கொலைக்குரியவன் அல்லன் என ஐயுற்றோரும் அவருள் இருந்தனர். ஐயம் எழுந்தது; ஆய்வு எழவில்லை. பொற்கொல்லன் களவுநூல் பேசி அந்த ஐயத்தை அடக்கினான். மது மயக்கத்திலிருந்த ஒருவன் வாளை வீசினான். அரசியின் சிலம்பில் முத்து. கண்ணகியின் சிலம்பில் மாணிக்கம். திறந்து நோக்கியிருப்பின் உண்மை வெளிப்பட்டிருக்கும். பரல் தெறித்ததோ கோவலன் மாண்ட பின்னரே.

இதனால் இளங்கோவடிகள் இரு பிழைகளைக் காட்டுகிறார் எனலாம்: ஒன்று, ஆராயாது ஆணையிடல், மற்றொன்று, ஆணையின் நிபந்தனையைப் பேணாது செயற்படல். முன்னதைப் பேசும் திறனாய்வு பின்னதை மறத்தல் ஆகாது.

சுண்ணாம்புக் குன்றுகளின் அடியிலுள்ள சிம்பாங் பூலாயில், ரப்பர்த் தோட்ட மக்களின் பேரப்பிள்ளைகளுக்கு மதுரை தொலைவானது, ஈப்போ அண்மையது. அந்த ஈப்போவில் எழுந்ததே எம். இந்திரா காந்தி வழக்கு. பாலர்பள்ளி ஆசிரியையான அவருடைய கணவர் 2009இல் இசுலாத்தைத் தழுவி, மூன்று பிள்ளைகளையும் தாயின் இசைவின்றி மதம் மாற்றினார். பதினொரு மாதக் கைக்குழந்தையைத் தம்மோடு கொண்டுசென்றார். ஷரியா நீதிமன்றம் பராமரிப்பு உரிமையைத் தந்தைக்கு அளித்தது. ஈப்போ உயர்நீதிமன்றமோ 2010இல் அதனைத் தாய்க்கு வழங்கியது. தந்தை குழந்தையை ஒப்படைக்கவில்லை. 2014இல் நீதிமன்ற அவமதிப்பின் பேரில் அவரைப் பிடிக்க ஆணை பிறந்தது.

இரு நீதிமன்றங்களின் ஆணைகள் முரண்படுகின்றன என்பது காவல்துறைத் தலைமை கூறிய காரணம். அது முற்றிலும் பொருளற்றதன்று. 1988இல் அரசியலமைப்பில் சேர்க்கப்பட்ட 121 (1ஏ) பிரிவு இரு நீதிமன்றங்களின் எல்லையைப் பிரித்தது. அதனால் எழுந்த குழப்பம் பெரிது. எனினும், முரணைத் தீர்ப்பது நீதிமன்றத்தின் பணியேயன்றி ஆணையை நிறைவேற்றுவோரின் பணியன்று. கைதாணையைச் செயற்படுத்த வேண்டும் எனக் கூட்டரசு நீதிமன்றம் 2016இல் கூறியது. 2018 ஜனவரி 29ஆம் நாள், பிள்ளைகளின் மதமாற்றம் செல்லாது என ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாகத் தீர்ப்பளித்தனர். ஆணை தெளிந்தது; மகள் வரவில்லை. காவல்துறைத் தலைவர் மீதும் அரசாங்கத்தின் மீதும் தாய் தொடுத்த வழக்கு 2024 ஜூனில் உயர்நீதிமன்றத்தில் தள்ளுபடியாயிற்று. கைக்குழந்தையாய்ப் பிரிந்த மகளைக் காணாமலே பதினைந்து ஆண்டுகள் கழிந்தன.

மதுரையில் நேர்ந்தது விரைவு. ஈப்போவில் நேர்ந்தது தாழ்வு. இரண்டும் ஒன்றாகுமோ என ஒருவர் வினவலாம். ஒன்றாகா. உயிரைப் பறித்த வாளும் நிறைவேறாத ஏடும் வேறுவேறே. ஆயினும், ஆணையின் சொல்லுக்கும் ஆற்றுவோரின் செயலுக்கும் இடைப்பட்ட வெளியில்தான் இரு பெண்களின் வாழ்வும் சிதைந்தது. கண்ணகி கையில் சிலம்பு இருந்தது. ஈப்போத் தாயின் கையில் தீர்ப்பு இருந்தது. கண்ணகி நகரை எரித்தாள். இத்தாய் மீண்டும் மீண்டும் நீதிமன்றப் படியேறினார். இந்த வேறுபாட்டில் பின்னவரின் பொறுமையே பெரிதெனத் தோன்றுகிறது.

பாண்டியன் தன் பிழையைத் தானே உணர்ந்து, தானே கள்வன் என்றான். இன்றைய ஆட்சியமைப்பிலோ பொறுப்பு பலரிடையே பகிர்ந்து கிடத்தலால், அவ்வாறு சொல்ல ஒருவரும் முன்வருவதில்லை. வகுப்பறையில் மன்னனது தவற்றைக் கேட்கும் ஆசிரியர், காவலர் செய்யத் தவறியது யாது என்றும் கேட்பாராக. அவ்வினாவுக்கு விடை தேடும் மாணவன், தீர்ப்பு எழுதப்படுவதோடு நீதி முடிவதில்லை என்பதைக் காப்பியத்திலும் ஈப்போவிலும் ஒருங்கே காண்பான்.