முதுமை வேடமும் அதன் எல்லைகளும்: எஸ்.என். லட்சுமியின் நடிப்பை முன்வைத்து

துணை நடிகையரைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் அவர்கள் நடித்த படங்களை எண்ணுவதோடு நின்றுவிடுகின்றன. ஒரே வேடத்துக்குள் அவர்கள் காட்டிய வேறுபாடு ஆராயப்படுவது அரிது. எஸ்.என். லட்சுமி (1927–2012) இதற்குத் தக்க சான்றாவார்.

நாடக மேடையிலிருந்து திரைக்கு வந்த இவர், 'சர்வர் சுந்தரம்' (1964) படத்தில் நாகேஷின் தாயாக நடித்தார். நாகேஷ் பிறந்தது 1933இல். தாய்க்கும் மகனுக்கும் ஆறு வயதே இடைவெளி. முப்பதுகளிலேயே ஏற்ற முதுமை, பின்னர்ப் பெரும்பாலும் அவருக்குரிய இடமாக உறுதிப்பட்டது.

ஆயினும் அம்முதுமை ஒரே தன்மையுடையதன்று. 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) படத்தின் பாட்டி பொருள்களைத் திருடும் பழக்கமுடையவர். முதுமை வணக்கத்திற்குரியது என்னும் மரபு அங்கு நகைப்புக்கு உள்ளாகிறது. 'மகாநதி'யில் (1994) அவர் சிறைசென்ற மருமகனின் பிள்ளைகளுக்கு எஞ்சிய ஒரே துணை. 'விருமாண்டி'யில் (2004) பெயரனை வளர்த்த கிழவி. இறுதிக்காலத்தில் 'சரவணன் மீனாட்சி' தொலைக்காட்சித் தொடரிலும் பாட்டியாகவே தோன்றினார்.

வேடத்தை வரையறுத்தது திரைத்துறை. அதற்குள் வேறுபாட்டை உண்டாக்கியது நடிகையின் உழைப்பு. இவ்விரண்டையும் பிரித்தறியாத நடிப்பு வரலாறு, கதைத்தலைவியரின் வரலாறாகவே சுருங்கும்.