பாவாவின் கூரையும் கச்சான் காற்றும்

ஜெஃப்ரி பாவாவின் கட்டடங்களில் எனக்கு மிகப் பிடித்தது கூரைதான். நெளிந்த அஸ்பெஸ்டஸ் சீற்றைப் போட்டு, அந்த நெளிவுகளில் பீலி ஓடுகளை அடுக்கினார். மழையைச் சீற் தடுக்கும். வெயிலை ஓடு வாங்கிக்கொள்ளும். ஓடு பிசகினாலும் உள்ளே ஒழுகாது. கடைச் சரக்கையும் பழைய கைவேலையையும் இவ்வளவு எளிதாகச் சேர்த்து வைத்த கலைஞர் நம் நாட்டில் அரிது. 1967 முதல் அவருடைய தொழில் பங்காளியாக இருந்த பொறியியலாளர் பூலோகசுந்தரத்தையும் இங்கே நினைக்க வேண்டும்.

சட்டத்தரணியாக இருந்த பாவா 1957இல், 38 வயதில்தான் கட்டடக்கலைஞரானார். அதற்கு முன்பே, 1948இல், பெந்தோட்டைக்கு அருகே தெத்துவ வாவிக்கரையில் லுணுகங்கைத் தோட்டத்தை வாங்கி, ஏறத்தாழ 50 ஆண்டுகள் அதை மாற்றிக்கொண்டே இருந்தார். நிலத்தில் நின்று, மரத்தையும் சரிவையும் பார்த்து முடிவெடுப்பது அவர் வழி. மட்டக்களப்பாருக்கு இது அந்நியமில்லை. மகளுக்குச் சீதனமாகத் தாய் வளவிலேயே வீடு கட்டுகிற ஊர் இது. இந்தப் போகத்தில் ஓர் அறை, அடுத்த போகத்தில் தாழ்வாரம், பிள்ளை பிறந்தபின் குசினி என்று வீடு வளரும்.

ஆனால் அவருடைய திறந்த முற்றங்களைப் பெருக்கவும் சருகு அள்ளவும் ஆள் வேண்டும். பெரும்பாலும் வசதியுள்ளவர்களுக்கும் ஹோட்டல்களுக்கும் அரசுக்குமே அவர் கட்டினார். 1982இல் திறந்த கோட்டே நாடாளுமன்றத்துக்காகத் தியவன்னாச் சதுப்பைத் தோண்டி ஏரியாக்கினார்கள். பேரழகுதான். அங்கே நீர் பார்ப்பதற்கு. நமக்கோ தோணி விட, வலை வீச, இறால் பிடிக்க.

காலநிலையும் வேறு. அவர் அதிகம் கட்டியது ஈரமான தென்மேற்கில். ஆடியில் கச்சான் காற்று அடித்தால் இங்கே அனல் வீட்டுக்குள் புகும்; அந்நேரம் சன்னலைச் சாத்தத்தான் வேண்டும். 1978 நவம்பரில் இங்கே அடித்த சூறாவளியைக் கண்டவர்கள் நீண்ட இறவாரத்தை லேசில் நம்பமாட்டார்கள். அதன் கீழ் புகும் காற்றே கூரையைப் பிடுங்கும்.

போருக்குப் பின் பாசிக்குடாவில் எழுந்த ஹோட்டல்கள் சிலவற்றில் பாவாவின் தோற்றம் மட்டும் இருக்கிறது: நீளக் கூரை, நீலத் தடாகம். நிலத்தில் நின்று பார்த்த அந்தப் பொறுமையைக் காணவில்லை.

சுனாமிக்குப் பின் நாவலடி மக்கள் குடியேறிய திராய்மடுவுக்குப் போயிருந்தேன். ஒரே அச்சில் வார்த்த சின்ன வீடுகள். அதிலொன்றில் ஓர் அம்மா முன்பக்கம் தாழ்வாரம் இறக்கி, சூடு தாங்காமல் சீற்றின் மேல் கிடுகு பரப்பிக் கயிற்றால் இழுத்துக் கட்டியிருந்தார்.