விசு போட்ட கோடு

பெசன்ட் நகரில் எங்கள் பக்கத்து ஃபிளாட்டில் மாதக் கடைசியில் பணப் பேச்சு எழுந்தால் எனக்குத் திரைப்பட இயக்குநர் விசு ஞாபகம்தான் வரும். நாடக மேடையிலிருந்து வந்தவர். 'மணல் கயிறு' (1982) படத்தில் எட்டு நிபந்தனை போடும் மாப்பிள்ளையை வைத்தே முழுக் கதையையும் ஓட்டினார்.

'சம்சாரம் அது மின்சாரம்' (1986) இன்னும் ஒரு படி மேல். வீட்டுச் செலவுக்குத் தரும் பணத்தில் அப்பாவும் மூத்த மகனும் முட்டிக்கொள்ள, கூடத்தின் நடுவே ஒரு கோடு விழுகிறது. வில்லனுக்கு வேலையே இல்லை. வசனம் நீளம்தான், ஒப்புக்கொள்கிறேன். நம் வீட்டுச் சண்டை மட்டும் என்ன, சுருக்கமாகவா முடிகிறது?

குடும்பத்தை ஒட்டவைத்த மருமகள் உமாவே (லட்சுமி) கடைசியில் தனிக்குடித்தனம் கேட்கிறாள். கூட்டுக் குடும்பத்தைக் கொண்டாடிய காலத்தில் அப்படி எழுத நெஞ்சுரம் வேண்டும். படத்துக்குத் தேசிய விருதும் கிடைத்தது.