வாரிசு வாசலில் நுழைந்த நேர்மை

நல்ல மனிதருக்கு அரசியலில் இடமுண்டா? இக்கேள்வியை ஒருமுறையேனும் கேட்டுப் பெருமூச்செறியாதார் நம்மில் இலர். ஜப்பானின் ஃபூஜி தொலைக்காட்சி 2008-ஆம் ஆண்டு மே முதல் ஜூலை வரை பத்துப் பகுதிகளாக ஒளிபரப்பிய ‘சேஞ்ச்’ என்னும் தொடர் இக்கேள்வியையே கதைப்பொருளாகக் கொண்டது. ‘மாற்றம்’ என்பது பெயரின் பொருள். எழுதியவர் யசுஷி ஃபுகுதா. நாயகனாக நடித்தவர் தக்குயா கிமுரா.

நாகானோ மலைப்பகுதியில் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் ஆசிரியர் கெய்த்தா அசாகுரா. இரவில் விண்மீன்களை நோக்கியிருப்பதே அவருக்கு இன்பம். நாடாளுமன்ற உறுப்பினரான தந்தையும், அவர் வழிவர வேண்டிய அண்ணனும் விபத்தொன்றில் மாண்டுவிட, அரசியலை வெறுத்து விலகியிருந்த இளையவரைத் தேடிக் கட்சி வருகிறது. தேர்தல் களத்தில், தந்தை மீதான பழைய கையூட்டுக் குற்றச்சாட்டு மீண்டும் எழுகிறது. மறுத்துவிடுங்கள் என்கின்றனர் உடனிருப்போர். அவரோ வீதியில் மக்கள்முன் உண்மையை ஒப்புக்கொண்டு தலைதாழ்த்துகிறார். வெற்றி சிறு வேறுபாட்டில் கிடைக்கிறது.

விரைவிலேயே அவர் பிரதமராகிறார். தகுதி கண்டு அமர்த்தப்பட்டவர் அல்லர். கவர்ச்சியான முகம் ஒன்றை முன்னிறுத்தி, பின்னின்று ஆள விரும்பிய மூத்த தலைவர் கன்பயாஷியின் கணக்கு அது. பொம்மை தானே நடக்கத் தொடங்குவதுதான் எஞ்சிய கதை. அணையால் பெருகிய ஜெல்லி மீன்களால் பிழைப்பிழந்த மீனவர்கள் தொடுத்த வழக்கில் அரசு தோற்கிறது. மேல்முறையீடு செய்வதே வழக்கம் என்கின்றனர் அதிகாரிகள். இவரோ குவிந்து கிடக்கும் ஆவணங்களை இரவு பகலாகப் படித்து, மேல்முறையீடு வேண்டாம் என முடிவு செய்கிறார். தொடரின் மிகச் சிறந்த இடம் இதுவே என்போம். இங்கே நன்மை வெறும் உணர்ச்சியன்று; உழைப்பு. நல்லெண்ணம் மட்டும் போதாது, படித்தறியும் பொறுமையும் வேண்டும் என்பதை வசனமின்றியே உணர்த்திவிடுகிறார்கள்.

ஆயினும் ஒரு குறை நம் நெஞ்சை உறுத்துகிறது. ஜப்பானிய அரசியலில் வெற்றிக்கு மூன்று வேண்டும் என்பர்: ஜிபான், கன்பான், கபான். அதாவது ஆதரவுத் தளம், பெயர்ப்பலகை, பணப்பை. மகன்மாருக்கு இம்மூன்றும் குடும்பச் சொத்தாகவே வந்து சேர்கின்றன. 2006 முதல் 2009 வரை அடுத்தடுத்துப் பதவியேற்ற ஷின்சோ அபே, யசுவோ ஃபுகுதா, தாரோ ஆசோ, யுக்கியோ ஹதோயாமா ஆகிய நால்வரும் முன்னாள் பிரதமர்களின் மகனோ பேரனோ ஆவர். கெய்த்தாவும் அதே வாசலில்தான் நுழைகிறார். தந்தை கறைபட்ட கையால் கட்டிய வீட்டில் குடியேறித்தான் மகன் நேர்மை பேசுகிறார். தந்தையின் தவற்றுக்கு மன்னிப்புக் கேட்டவர், தந்தையின் தொகுதி தமக்கு எப்படி வந்தது என்று கேட்கவில்லை. அதே மலையூரில், அதே உள்ளத்தோடு, அசாகுரா என்னும் குடும்பப் பெயரில்லாத இன்னோர் ஆசிரியர் இருந்திருந்தால் அவரைத் தேடி யார் வந்திருப்பார்? இதைத் தொடர் எழுப்பாமலே கடந்துபோகிறது.

இறுதிப் பகுதி இக்குறையை ஓரளவு ஈடுசெய்கிறது. இருபது நிமிடத்துக்கும் மேலாக, கெய்த்தா நேராக நம்மை நோக்கிப் பேசுகிறார். சூழ்ச்சியை முறியடித்து வெல்லும் வீரனாக அவரைக் காட்டாமல், கீழவையைக் கலைத்துத் தீர்ப்பை மக்களிடமே திருப்பித் தருபவராகக் காட்டியது துணிவான முடிவு. நல்லவர் ஒருவர் வந்து நம்மை மீட்பார் எனக் காத்திருந்த பார்வையாளரிடம், ‘இனி உங்கள் முறை’ எனச் சொல்லாமல் சொல்கிறது அக்காட்சி.

நல்ல தலைவனைத் திரையில் கண்டு கண்கலங்குவது எளிது. அவன் படித்த ஆவணங்களில் ஒன்றையேனும் நாம் படித்தோமா, நம் ஊரின் நீருக்கும் நிலத்துக்கும் நேர்வதைக் கேட்டறிந்தோமா என்பதே கடினமான கேள்வி. பத்து வாரங்களில் முடிந்த கதை அக்கேள்வியை நம்மிடம் விட்டுச் சென்றிருக்கிறது. தொலைக்காட்சியை அணைத்த பின்னும் அது நம்மோடு இருக்குமாயின், தொடர் தன் பெயருக்குத் தகுதி பெற்றுவிட்டது எனலாம்.