பிற்பாட்டு இல்லாத கூத்து

மன்றத்தார் கேட்டுக்கொண்டதற்கிணங்க எழுதும் இக்கட்டுரையில் வடமோடி, தென்மோடி இலக்கணங்களையோ, மன்னாரின் வடபாங்கு தென்பாங்கு வேறுபாடுகளையோ விரித்துரைக்கப் போவதில்லை. இந்த மலரைக் கையில் எடுப்பவர்கள் அவற்றைக் கேட்டும் ஆடியும் வளர்ந்தவர்கள். எந்த அண்ணாவியார் எவரிடம் பயின்றார் என்ற வரிசையும் அவர்களுக்குத் தெரியும். எனக்குள்ள கேள்வி ஒன்றுதான்: ஊர்காவற்றுறை முதல் நெடுந்தீவு வரை நாம் நம்முடையதென்று உரிமை கொண்டாடும் கூத்தின் தரத்தை எதை வைத்து அளப்பது? உடுப்பின் மினுக்கத்தை வைத்தா, ஆட்டத்தின் வேகத்தை வைத்தா, கூடிய சனத்தை வைத்தா? இவை எதுவுமல்ல, பிற்பாட்டே அளவுகோல் என்பது என் துணிபு. பிற்பாட்டுச் சரியாக நின்ற கூத்துத் தரமான கூத்து. அது தளர்ந்தால் மற்றவை எல்லாம் இருந்தும் பயனில்லை.

ஈழத்துக் கூத்து மரபுகளில் தென்மோடி பாட்டுக்கு முதலிடம் கொடுத்தது. மட்டக்களப்பின் வடமோடி போர்க்கதைகளை ஆட்டத்தால் நிமிர்த்தும். தென்மோடி சொல்லை இழுத்து, இராகத்தில் கதையை நகர்த்தும். வட்டுக்கோட்டைக்கு அதன் வடமோடியும் முல்லைத்தீவுக்குக் கோவலன் கூத்தும் பெருமை. பாசையூர், குருநகர், நாவாந்துறை, மாதகல், தீவகத்தில் நாரந்தனை, மெலிஞ்சிமுனை என்று நீளும் கத்தோலிக்கக் கரையோரம் தென்மோடியைத் தன் வழிபாட்டோடு பிணைத்துக்கொண்டது. சைவ ஊர்களில் காத்தவராயன் சிந்துநடையும் பின்னர் இசைநாடகமும் வேரூன்றின. புனித யோசேவாஸ் அடிகளும் யாக்கோமே கொன்சால்வெஸ் அடிகளும் ஒல்லாந்தர் காலத்தில் காத்த சபை, தவக்காலத்தில் வியாகுலப் பிரசங்கத்தை இராகத்தோடு வாசித்து அழுத சபை. அந்தச் சபைக்குக் கதையைப் பாட்டாகக் கேட்கும் காது ஏற்கனவே இருந்தது. அந்தக் காது கடலோரமாய்த் தெற்கேயும் சென்றது. சிங்கள நாடகம என்ற வடிவம் கத்தோலிக்கத் தமிழ்க் கூத்தின் வழியில் பிறந்தது. அந்த நாடகமவிலிருந்துதான் 1956இல் எதிரிவீர சரச்சந்திர தம் ‘மனமே’யை உருவாக்கினார். இலங்கையின் நவீன அரங்கே ஒரு வகையில் நம் அண்ணாவிமாருக்குக் கடன்பட்டிருக்கிறது என்பதை நாமே போதிய அளவு சொல்லிக்கொள்வதில்லை.

நான் சார்ந்த தீவகத் தென்மோடியைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். கட்டியகாரன் கூறிவிட்டுப் போகிறான். அரசன் திரைக்குப் பின்னால் நின்றபடியே விருத்தத்தை எடுக்கிறான். தாளமில்லை, மத்தளமில்லை, குரல் மட்டும். கடைசிச் சீரை இழுத்து நிறுத்தும் இடத்தில் மத்தளம் விழ, திரை விலக, தரு தொடங்குகிறது. அவன் ஓர் அடியைப் பாடி விட்டதும் மேடையோரத்தில் கொப்பியோடு நிற்கும் நாலைந்து பேர் அந்த அடியை ஏந்துகிறார்கள். அவர்கள் பாடும் நேரத்தில் அரசன் ஆடுகிறான், மூச்சு வாங்குகிறான், சுதி விலகியிருந்தால் திரும்பி வந்து சேருகிறான். சபைக்கும் அதில் நன்மையுண்டு. முதல் முறை தவறவிட்ட சொல் இரண்டாம் முறை காதில் விழுகிறது. அண்ணாவியார் தாளத்தைச் சற்று அழுத்தித் தட்டினால் பிற்பாட்டு விரையும், பிற்பாட்டு விரைந்தால் ஆட்டக்காரனின் கால் தானாக விரையும். ஆக, கூத்தை நடத்துவது நடுவில் நிற்கும் ராசா அல்ல, ஓரத்தில் நிற்கும் இந்தக் குரல்களே. தேவசகாயம்பிள்ளை கூத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1752இல் ஆரல்வாய்மொழியில் சுடப்பட்ட அந்த மறைசாட்சியை உரோமை 2022 மே 15இல்தான் புனிதராக உயர்த்தியது. நம் கரையோரமோ அதற்கு நெடுங்காலம் முன்பே அவரைப் பாடத் தொடங்கிவிட்டது. விலங்கிட்ட மனிதன் தனியே பாடும் அடியை ஓரத்திலிருந்து பல குரல்கள் திருப்பிப் பாடும்போது அவன் துன்பம் ஊரின் துன்பமாகிறது. அதனால்தான் பிற்பாட்டில் நின்று தேறியவனுக்கே பெரிய சட்டம் கொடுக்க வேண்டும் என்று எங்கள் பெரியவர்கள் வற்புறுத்தி வந்தார்கள். அவர்கள் கண்ட தர நிர்ணயத்துக்கு மேலான ஒன்றை நான் இன்னும் அறியேன்.

இது கிராமத்துப் பழக்கம்தானே, கலையளவுகோல் ஆகுமா என்று கேட்பவர்கள் உண்டு. அவர்கள் பெரிதும் மதிக்கும் ஐரோப்பிய ஒப்பேராவையே சான்றாகக் கொள்வோம். 1607இல் மாந்துவா அரண்மனையில் மொன்ரெவெர்டி ‘ஓர்ஃபேயோ’வை மேடையேற்றினார். கதை முழுவதும் பாட்டிலேயே நடக்க வேண்டும் என்பதே அவ்வடிவத்தின் முதல் விதி. நம் கூத்தின் விதியும் அதுவே. 1842இல் வெர்டியின் ‘நபுக்கோ’ மிலான் நகரில் ஏறியது. இன்றுவரை மக்கள் நாவில் நிற்பது அதில் கதாநாயகன் பாடிய பாட்டல்ல. நாடிழந்த எபிரேயர் கூடிப் பாடும் பாட்டு. 1901இல் வெர்டியின் உடலை மாற்றி அடக்கம் செய்தபோது டொஸ்கானினி நெறிப்படுத்த நூற்றுக்கணக்கானோர் பாடியதும் அதையே. கூட்டுக்குரல் அரங்கின் ஓரத்துச் சங்கதி அன்று, உயிர் என்பதற்கு இதற்கு மேல் சாட்சி வேண்டியதில்லை. இன்னொன்றையும் கவனிக்க வேண்டும்: பெரிய ஒப்பேரா அரங்குகளில் இன்றும் பாடகர்கள் ஒலிவாங்கி இல்லாமலே முழு வாத்தியக் குழுவையும் தாண்டிப் பாடுகிறார்கள். வசதி இல்லாததால் அல்ல. மனிதக் குரலே அந்தக் கலை என்பதால்.

வித்தியானந்தன் அவர்களே விடிய விடிய ஆடிய கூத்தைச் சுருக்கினாரே, மாற்றத்தை ஏன் பழிக்கிறீர் என்ற கேள்வி அடுத்து வரும். பேராசிரியர் சுருக்கியது உண்மை. ‘கர்ணன் போர்’ (1962) முதல் ‘இராவணேசன்’ வரை அவர் பேராதனை மாணவரைக் கொண்டு செய்தவை நேரத்தில் குறுகியவை. ஆனால் அவர் வெட்டியது கூறியது கூறலை. மத்தளத்தையோ அண்ணாவியாரையோ பிற்பாட்டையோ அல்ல. அதே காலத்தில் அவர் ‘அலங்கார ரூபன்’, ‘மூவிராசாக்கள்’, ‘ஞானசௌந்தரி’ போன்ற ஏடுகளைப் பதிப்பித்ததையும் மறக்கலாகாது. சுருக்கியவரே முழுமையைக் காத்து வைத்தார். இசைநாடகத்தில் பிற்பாட்டு இல்லையே என்பதும் சரியான கேள்விதான். சங்கரதாஸ் சுவாமிகள் வழி வந்த அந்த அரங்கு ஆர்மோனியத்தையும் தனிக்குரலையும் நம்பியது. காங்கேசன்துறையின் நடிகமணி வி. வி. வைரமுத்து ‘மயான காண்டத்தில்’ அரிச்சந்திரனாகப் பாடி ஆயிரக்கணக்கான மேடைகளை ஆண்டார். அவருடையதைப் போன்ற தொண்டை வாய்த்தால் பிற்பாட்டு வேண்டாம் என்று நானும் ஒப்புக்கொள்வேன். அப்படிப்பட்ட தொண்டைகள் இன்று எத்தனை?

இனிச் சொல்லப்போவது எவரையும் குறித்தன்று. இன்று கூத்தாடும் தம்பிமாரின் ஆர்வத்தையும் அவர்கள் படும் சிரமத்தையும் மதிக்கிறேன். ஆயினும் சில மேடைகளில் பிற்பாட்டுக்காரர் இரண்டு பேராகச் சுருங்கிவிட்டார்கள். சிலவற்றில் அவர்களே இல்லை, முன்கூட்டிப் பதிந்த குரல் ஒலிக்கிறது. ராசா கன்னத்தில் ஒட்டிய ஒலிவாங்கியோடு தானே பாடித் தானே முடிக்கிறார். மத்தளத்தின் மேல் கீபோர்ட் ஏறிவிட்டது. தருவின் மெட்டு எங்கேயோ கேட்ட சினிமாப் பாட்டில் போய் இறங்குகிறது. பதிந்த குரலுக்கு ஆடுபவனின் மூச்சுத் தெரியாது. அவன் களைத்தால் அது காத்திருக்காது, அவன் பிழைத்தால் அது தாங்காது. பிற்பாட்டில் நிற்காத பிள்ளைக்கு இராகம் பழகாது. இராகம் பழகாதவன் விருத்தம் பாட மாட்டான். விருத்தம் போனால் கொப்பியிலுள்ள பாதி செத்த எழுத்து. ஒரு தலைமுறை இப்படிப் போனால் அண்ணாவியார் என்ற சொல்லுக்கு ஆளிருக்காது. நம் பெருநாள்களின் வெறுமையும், ஒருவர் பாடினால் மற்றவர் சேர்ந்து பாடக் கூசும் இன்றைய வழக்கமும், ஒரு வீட்டுக் காரியத்துக்கு அடுத்த வீட்டார் தோள் கொடுக்காத நிலையும் பிற்பாட்டை நாம் கைவிட்ட நாளில் தொடங்கியவை என்றே நான் நம்புகிறேன். மிகைப்படுத்துகிறேன் என்பார்கள். ஓரத்தில் நின்று பிறர் பாட்டை ஏந்தப் பழகாத ஊர் வேறெதை ஏந்தும்?

ஆளில்லையே என்பது கடைசித் தடை, அதுவே மெய்யானதும். 1990களின் தொடக்கத்தில் தீவகம் பெயர்ந்தது. வீடுகளோடு கொப்பிகளும் போயின. பாடியவர்கள் பாரிசிலும் ரொறன்ரோவிலும் இருக்கிறார்கள். ஆனால் பிற்பாட்டுக்கு அழகான குரல் வேண்டாம், நாலைந்து குரல் போதும். ராசாவுக்கு ஆள் கிடைக்கும் ஊரில் அவர்களும் கிடைப்பார்கள், கேட்பதுதான் குறை. ஆகவே மன்றத்தாரிடம் என் வேண்டுகோள் இவை: வருகிற பெருநாளில் ஒரு கூத்தையேனும், இரண்டு மணி நேரமானாலும், ஒலிவாங்கி இன்றி முழுப் பிற்பாட்டோடு மேடையேற்றுங்கள். பழைய கொப்பி வைத்திருப்பவர்கள், உள்ளூரிலிருந்தாலும் புலம்பெயர்ந்திருந்தாலும், அதன் படி ஒன்றை மன்றத்துக்குத் தாருங்கள். விருத்தங்களின் இராகம் தெரிந்த பெரியவர்களைப் பாடவைத்து இந்த ஆண்டுக்குள்ளேயே பதிவு செய்யுங்கள்.