கலீபாவின் ஓலையும் திப்புவின் அரியணையும்

1782 டிசம்பர் 7 அன்று சித்தூருக்கு அருகே பாசறையில் மைசூரை ஆண்ட ஹைதர் அலி இறந்தபோது, மூத்த மகன் திப்பு மலபார் போர்க்களத்தில் இருந்தார். அமைச்சர்கள் பூர்ணையாவும் கிருஷ்ண ராவும் சாவை மறைத்தார்கள். உடல் பெட்டியில் வைத்துக் கோலாருக்கு அனுப்பப்பட்டது. தம்பி அப்துல் கரீமை அரியணையேற்றும் சதி முளையிலேயே கிள்ளப்பட்டது. திப்பு வந்தார், படை ஏற்றது, அவ்வளவுதான்.

அப்படியிருக்க, 1786-ல் ஏறத்தாழ 900 பேரைக் கப்பலேற்றி, கலீபா என்று உரிமை கோரிய ஒட்டோமான் சுல்தானிடம் திப்பு அனுப்பியது ஏன்? ஹைதர், மைசூரின் பரம்பரை மன்னரான உடையாரைப் பெயருக்கு அரசராக வைத்துக்கொண்டு ஆண்டார். திப்பு அந்தத் திரையை விலக்கித் தம்மைப் பாதுஷா என்று அறிவித்தார். நிஜாமும் ஆற்காட்டு நவாபும் தங்கள் பதவிக்கு முகலாயர் பெயரைச் சொல்ல முடிந்தது. திப்புவுக்கு அது இல்லை. டெல்லியின் முகலாயப் பேரரசர் ஷா ஆலமோ மராட்டியத் தலைவர் சிந்தியாவின் பிடியில். அதற்கும் மேலான ஓரிடத்தில் ஒப்புதல் தேடியதை மடமை என்று சொல்ல மாட்டேன். டெல்லி சுல்தான் இல்துத்மிஷ் 1229-லேயே பாக்தாத் கலீபாவிடம் அதைப் பெற்றிருக்கிறார். 1258-ல் மங்கோலியர் கொன்ற அல்-முஸ்தஃசிமின் பெயரை டெல்லி நாணயங்கள் பிறகும் பல பத்தாண்டுகள் பொறித்தன. இறந்த கலீபாவால் தொல்லை இல்லை!

ஆனால் கலீபா பதவியான கிலாபத்துக்கே வாரிசு விதி என்று ஒன்று நிலைத்ததில்லை. அபூபக்கர் 632-ல் கூட்டமொன்றில் தேர்வானார். உமர் முன்னவரால் நியமிக்கப்பட்டார். உஸ்மானை அறுவர் குழு தேர்ந்தெடுத்தது. முஆவியா மகனுக்கே கொடுத்தார். ஹாரூன் அல்-ரஷீத் 802-ல் மகன்களின் வாரிசு உடன்படிக்கையைக் கஅபாவிலேயே தொங்கவிட்டார். அவர் இறந்து நான்கு ஆண்டுகளுக்குப் பின், 813-ல், மகன் மாமூனின் படை தம்பி அமீனைக் கொன்றது. எழுத்தால் தன் வீட்டையே காக்க முடியாத பீடம் அது.

திப்புவுக்குப் பட்டத்துக்கான ஒப்புதல் கிடைத்தது என்றே பல வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். கேட்ட படையுதவி கிடைக்கவில்லை. தூதுக்குழுவில் பெரும்பாலோர் நோய்க்கும் கடலுக்கும் பலியானார்கள். 1798-ல் நெப்போலியன் எகிப்தில் இறங்கியதும், பிரெஞ்சுக்காரரைக் கைவிடச் சொல்லி அப்போதைய ஒட்டோமான் சுல்தான் மூன்றாம் செலீம் எழுதிய கடிதம் ஆங்கிலேய கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லி வழியாக வந்து சேர்ந்தது. அங்கீகாரம் தந்த பீடமே எதிரியின் கருவியானது. கணக்குப் பார்த்தால் திப்புவுக்கு இது நட்டம்தான்: அரியணையைத் தந்தது பூர்ணையாவின் சாமர்த்தியமும் படையின் சம்மதமும், 1799 மே 4 அன்று ஸ்ரீரங்கப்பட்டணத்தில் அந்தப் படை வீழ்ந்ததும் ஓலைக்கு மதிப்பில்லை. பூர்ணையா கிழக்கிந்தியக் கம்பெனியின் ஏற்பாட்டில் உடையார் சிறுவனுக்குத் திவானானார்.

1806 ஜூலை 10 அன்று வேலூர்க் கோட்டையில் கம்பெனியின் சிப்பாய்கள் கலகம் செய்து, புலிக்கொடி ஏற்றித் திப்புவின் மகன் பத்தே ஹைதரை அரசராக அறிவித்தார்கள். யாருடைய ஓலைக்கும் அவர்கள் காத்திருக்கவில்லை.